இரத்த ஓட்டம் குறைந்த விழித்திரைக்கு லேசர் எதற்கு? புதிய இரத்த நாளங்கள் வளர்வது ஏன் தீங்காகிறது?

வினா: வைகைக்கரை

அனைவருக்கும் வணக்கம். என் அம்மாவுக்கு அறுபது வயது ஆகப்போகிறது. நெடுநாளாகச் சர்க்கரை நோயும் இரத்த அழுத்தமும் உண்டு. இரண்டுக்கும் மாத்திரை எடுத்துக்கொள்கிறார். கண்ணாடியை மாற்றிக்கொள்ளலாம் என்று எண்ணிக் கண் மருத்துவமனைக்குச் சென்றோம். அங்கே பாப்பாவை விரியச் செய்யும் சொட்டு மருந்து விட்டுப் பார்த்துவிட்டு, விழித்திரைப் பிரிவுக்கு அனுப்பிவைத்தார்கள். கை நரம்பில் சாய மருந்தைச் செலுத்திக் கண்ணின் உட்புறத்தைப் படமெடுத்த மருத்துவர், இரண்டு கண்களிலும் விழித்திரையின் சில பகுதிகளுக்கு இரத்தமே செல்லவில்லை என்றும், ஆக்சிஜன் பற்றாக்குறையால் புதிய இரத்த நாளங்கள் முளைக்கத் தொடங்கியிருக்கின்றன என்றும், தாமதிக்காமல் பல அமர்வுகளாக லேசர் செய்துகொள்ள வேண்டும் என்றும் கூறினார்.

அம்மா இன்றும் கண்ணாடி அணிந்து நாளிதழின் சிறிய எழுத்துகளைப் படிக்கிறார். ஊசியில் நூல் கோக்கிறார். "நன்றாகத் தெரிகிற கண்ணை எதற்காகச் சுட வேண்டும்?" என்று அவர் கேட்கும்போது எனக்கு விடை சொல்லத் தெரியவில்லை. இரத்தம் போதவில்லை என்றால் புதிய நாளங்கள் வளர்வது நல்லதுதானே? ஆக்சிஜன் இல்லாமல் வாடும் இடத்தை லேசரால் மேலும் சுடுவது எப்படி உதவும்? உறவினர் ஒருவர், உயர் அழுத்த ஆக்சிஜன் அறையில் சில நாள் சிகிச்சை பெற்றால் லேசரே தேவைப்படாது என்கிறார். இரத்த அழுத்த மாத்திரை கண்ணுக்குப் போகும் இரத்தத்தைக் குறைத்துவிடும், அதை நிறுத்திப் பாருங்கள் என்று இன்னொருவர் சொல்கிறார். விவரம் அறிந்தவர்கள் விளக்கினால் அம்மாவிடம் எடுத்துச் சொல்ல உதவியாக இருக்கும்.

மறுமொழி: பொருநை

விழித்திரைப் பிரிவில் பல ஆண்டுகள் பணியாற்றி ஓய்வு பெற்ற மருத்துவன் நான். தங்கள் அம்மா கேட்ட கேள்வியை ஏறத்தாழ ஒவ்வொரு நாளும் கேட்டிருக்கிறேன். அது நியாயமான கேள்வி. அதற்கு முழுமையான விடை கிடைக்காமல்தான் பலர் சிகிச்சையைத் தள்ளிப்போடுகிறார்கள். ஆகவே சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

உடலிலேயே எடைக்கு எடை மிக அதிகமாக ஆக்சிஜனைச் செலவிடும் திசுக்களுள் விழித்திரையும் ஒன்று. கால் மில்லிமீட்டர் அளவே தடிமன் உள்ள இந்தப் படலத்துக்கு இரண்டு தனித்தனி வழிகளில் இரத்தம் வருகிறது. பார்வை நரம்பின் நடுவே நுழையும் மையத் தமனி கிளை கிளையாகப் பிரிந்து, விழித்திரையின் உள் அடுக்குகளுக்கு ஆக்சிஜன் அளிக்கிறது. ஒளியை உணரும் கூம்புச் செல்களும் குச்சிச் செல்களும் இருக்கும் வெளி அடுக்குக்கோ சொந்தமாக ஓர் இரத்த நாளமும் கிடையாது. அதன் பின்னால் உள்ள கோராய்டு என்னும் இரத்த நாளப் படலத்திலிருந்து ஊடுருவி வரும் ஆக்சிஜனைக் கொண்டே அது வாழ்கிறது. கண்ணுக்குள் வரும் இரத்தத்தின் பெரும்பகுதி இந்தக் கோராய்டு வழியாகவே பாய்கிறது. அவ்வளவு வேகமான ஓட்டம் அது. அதிலிருந்து எடுத்துக்கொள்ளப்படும் ஆக்சிஜன் சிறு பங்கே. உள் அடுக்கின் தமனி வழியில் நிலைமை நேர்மாறானது: வரும் இரத்தம் குறைவு, அதிலிருந்து உறிஞ்சப்படும் ஆக்சிஜன் அதிகம். அந்த வழியில் எங்கேனும் அடைப்பு ஏற்பட்டால் ஈடுகட்டக் கையிருப்பு இல்லை என்பதே இதன் பொருள்.

சர்க்கரை நோய் தாக்குவது பெரும்பாலும் உள் அடுக்குக்குச் செல்லும் இந்தத் தமனி வழியின் தந்துகிகளை, அதாவது மிக நுண்ணிய இரத்த நாளங்களைத்தான். பல ஆண்டுகள் சர்க்கரை மிகுந்திருக்கும்போது, தந்துகிகளின் சுவரைத் தாங்கி நிற்கும் பெரிசைட் செல்கள் மடிகின்றன. சுவரின் அடிப்படலம் தடிக்கிறது. வலுவிழந்த இடங்கள் சிறு கொப்புளம்போல் புடைத்துக் கசிகின்றன. சில தந்துகிகள் முற்றாக அடைபட்டு வெறும் குழாய்களாக எஞ்சுகின்றன. சாய மருந்து செலுத்தி எடுத்த படத்தில் இருண்டு தெரியும் திட்டுகள் இவ்வாறு அடைபட்ட பகுதிகளே. அந்தத் திட்டுகள் ஓரத்தில் இருக்கும்வரை, நடுப்பார்வையைக் கொண்டு படிப்பதற்கும் நூல் கோப்பதற்கும் தடை வராது. அம்மாவின் பார்வை இன்று நன்றாக இருப்பதற்கும், அவர் கண்ணில் நோய் முற்றிய கட்டத்தை எட்டியிருப்பதற்கும் முரண்பாடு ஒன்றுமில்லை.

இனிப் புதிய நாளங்களைப் பற்றி. ஆக்சிஜன் கிடைக்காமல் தவிக்கும் விழித்திரை, நாளங்களை வளரத் தூண்டும் ஏதோ ஒரு பொருளைச் சுரக்கிறது என்று 1948ஆம் ஆண்டிலேயே ஐசக் மைக்கேல்சன் என்ற மருத்துவர் ஊகித்தார். அந்தப் பொருள் இன்னதென்று தெரிய நாற்பது ஆண்டுகளுக்கு மேலாயிற்று. 1989இல் வி.இ.ஜி.எஃப். என்னும் வளர்ச்சிக் காரணி பிரித்தெடுக்கப்பட்டது. நோய் முற்றியவர்களின் கண்ணுக்குள் இருக்கும் திரவத்தில் அது மிகுந்திருப்பதும், லேசருக்குப் பிறகு வெகுவாகக் குறைவதும் 1994இல் வெளியான ஆய்வில் தெரியவந்தன. ஆக்சிஜன் குறைவதைச் செல்கள் எவ்வாறு அறிந்து இத்தகைய காரணிகளைச் சுரக்கின்றன என்பதைக் கண்டறிந்ததற்காகவே கிரெக் செமென்சா, பீட்டர் ராட்கிளிஃப், வில்லியம் கேலின் ஆகிய மூவருக்கும் 2019ஆம் ஆண்டின் மருத்துவ நோபல் பரிசு வழங்கப்பட்டது.

கருவில் இருக்கும் குழந்தைக்கும், ஆறும் காயத்துக்கும் இந்தக் காரணி இன்றியமையாதது. நோயுற்ற விழித்திரையிலோ அது கேடாக முடிகிறது. இங்கே முளைக்கும் நாளங்கள் இரத்தம் தேவைப்படும் திசுவுக்குள் செல்வதில்லை. விழித்திரையின் மேற்பரப்பை விட்டெழுந்து, கண்ணின் நடுவே நிறைந்திருக்கும் விட்ரியஸ் என்னும் பசைத் திரவத்தின் மீது படர்கின்றன. அவற்றின் சுவர் மெல்லியது. இருமினாலோ தூக்கத்தில் புரண்டாலோகூட உடைந்து கண்ணுக்குள் இரத்தம் கொட்டலாம். அவற்றோடு வளரும் நார்த்திசு சுருங்கும்போது விழித்திரையைப் பற்றி இழுத்துப் பிய்த்துவிடும். அதே காரணி கண்ணின் முன்பகுதிக்குப் பரவினால் பாப்பாவைச் சுற்றியுள்ள கருந்திரையின் மீதும் நாளங்கள் படர்ந்து, கண்ணின் உள்திரவத்தின் வடிகால் அடைபட்டு, மிகுந்த வலியுடன் கூடிய கண் அழுத்த நோய் உண்டாகும். பசித்த திசுவுக்கு ஒரு துளி ஆக்சிஜனும் கொண்டுசெல்லாமல் இத்தனை சேதத்தையும் விளைவிப்பதால்தான் இவற்றை வளரவிடக் கூடாது என்கிறோம்.

லேசர் எப்படி உதவுகிறது என்ற கேள்வி மருத்துவர்களையே நெடுங்காலம் குழப்பியது. சூரிய கிரகணத்தை வெறும் கண்ணால் பார்த்தவர்களின் விழித்திரையில் உண்டாகும் சூட்டுத் தழும்பைக் கவனித்த ஜெர்மானிய மருத்துவர் கெர்ட் மேயர்-ஷ்விக்கெராத், ஒளியைக் கொண்டே விழித்திரைக்குச் சிகிச்சை அளிக்கலாம் என்று 1940களின் பிற்பகுதியில் முயன்று, பின்னர் செனான் விளக்கை அதற்குப் பயன்படுத்தினார். லேசர் அதன் பிறகு வந்தது. பலன் தெரிந்தது, காரணம் தெரியவில்லை. 1980களில் ஐஸ்லாந்தைச் சேர்ந்த ஐனார் ஸ்டெஃபான்சனும் அவருடன் பணியாற்றியவர்களும் விலங்குகளின் கண்ணில் ஆக்சிஜன் அளவை நேரடியாக அளந்து, லேசர் பட்ட இடத்தின் மேல் ஆக்சிஜன் கூடுதலாக இருப்பதைக் காட்டினார்கள்.

விளக்கம் இதுதான். விழித்திரையில் ஆக்சிஜனை மிகுதியாகச் செலவிடுபவை வெளி அடுக்கின் ஒளியுணர் செல்களே. கோராய்டிலிருந்து வரும் ஆக்சிஜன் அனைத்தையும் அவையே எடுத்துக்கொள்வதால் உள் அடுக்குக்கு எதுவும் எட்டுவதில்லை. ஓரப் பகுதிகளில் லேசர் புள்ளி புள்ளியாக அந்தச் செல்களில் ஒரு பகுதியை அழிக்கிறது. அழிந்த இடத்தில் உருவாகும் தழும்புக்கு ஆக்சிஜன் தேவை மிகக் குறைவு. எனவே அந்தப் புள்ளிகளின் வழியே கோராய்டின் ஆக்சிஜன், தந்துகிகள் அடைபட்டு வாடும் உள் அடுக்கை வந்தடைகிறது. தலைமடையில் நிலம் வைத்திருப்பவர்கள் சில வயல்களைத் தரிசாக விட்டால்தான் கடைமடைக்குத் தண்ணீர் எட்டும் என்ற நிலையை வைகைக் கரையில் வாழும் உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. ஆக்சிஜன் எட்டியதும் வி.இ.ஜி.எஃப். சுரப்பு தணிகிறது, புதிய நாளங்கள் சுருங்குகின்றன. படிப்பதற்கும் முகங்களை அடையாளம் காண்பதற்கும் உதவும் மாக்குலா என்ற நடுப்பகுதியை இந்த லேசர் தொடுவதே இல்லை.

ஒரு செய்தியை அம்மாவிடம் கட்டாயம் சொல்லுங்கள். 1970களில் அமெரிக்காவில் 1,700க்கும் மேற்பட்ட நோயாளிகளிடம் நடந்த ஆய்வில், ஒவ்வொருவருக்கும் ஒரு கண்ணுக்கு மட்டும் ஒளிச் சிகிச்சை செய்து, மறு கண்ணை அப்படியே விட்டுக் கவனித்தார்கள். சிகிச்சை பெற்ற கண்களில் கடுமையான பார்வை இழப்பு பாதிக்கும் மேலாகக் குறைந்தது. வேறுபாடு அவ்வளவு தெளிவாக இருந்ததால், 1976இல் ஆய்வின் விதியையே மாற்றி, ஆபத்து மிகுந்த மறு கண்களுக்கும் சிகிச்சை அளிக்கத் தொடங்கினார்கள். ஒரே மனிதரின் இரு கண்களை ஒப்பிட்டுப் பெற்ற சான்று இது. இதைவிட வலுவாக என்னால் எதையும் சொல்ல இயலாது.

உயர் அழுத்த ஆக்சிஜன் அறையைப் பற்றியும் கேட்டிருந்தீர்கள். அம்மாவின் விரலில் ஆக்சிமீட்டரை வைத்துப் பார்த்தால் பெரும்பாலும் 97 அல்லது 98 விழுக்காடு காட்டும். இரத்தத்தில் ஆக்சிஜன் குறைவாக இல்லை. அந்த இரத்தம் சென்று சேரும் பாதை மூடிக்கிடக்கிறது. ஆக்சிஜனை மிகுதியாகச் சுவாசித்தால் கோராய்டு வழியே சிறிது கூடுதலாக ஊடுருவும் என்பது உண்மை. மூக்கு வழியே தொடர்ந்து ஆக்சிஜன் அளித்தபோது மாக்குலா வீக்கம் குறைந்ததாக ஒரு சிறிய ஆய்வும் உண்டு. ஆனால் அளிப்பதை நிறுத்திய பின் வீக்கம் திரும்பத் தொடங்கியது. அடைபட்ட தந்துகி திறந்துகொள்வதில்லை. மேலும், உயர் அழுத்த ஆக்சிஜன் சிகிச்சை பல அமர்வுகள் நீளும்போது கண் லென்ஸ் பாதிக்கப்பட்டுக் கிட்டப்பார்வை கூடுவதும், மிக நீண்டால் கண்புரை வளர்வதும் அறியப்பட்ட பின்விளைவுகள். மூச்சுப் பயிற்சி மனத்துக்கும் உடலுக்கும் நல்லது, தாராளமாகச் செய்யட்டும். லேசரின் இடத்தில் அதை வைக்க வேண்டாம்.

இரத்த அழுத்த மாத்திரையைத் தயவுசெய்து நிறுத்தாதீர்கள். பிரிட்டனில் நடந்து 1998இல் முடிவு வெளியான பெரிய ஆய்வில், அழுத்தத்தைக் கண்டிப்பாகக் கட்டுக்குள் வைத்தவர்களுக்கு விழித்திரை நோய் மோசமாவது மூன்றில் ஒரு பங்கு குறைந்தது. உயர்ந்த அழுத்தம், ஏற்கெனவே வலுவிழந்த தந்துகிகளைத்தான் முதலில் சிதைக்கும். கண் அழுத்த நோய் உள்ளவர்களுக்கு இரவில் இரத்த அழுத்தம் மிகவும் இறங்கிவிடக் கூடாது என்ற எச்சரிக்கை உண்டு. உறவினர் அதைக் கேட்டுவிட்டு இப்படிச் சொல்லியிருக்கலாம். அத்தகையவர்களும் மாத்திரையை நிறுத்துவதில்லை. எந்த வேளையில் உட்கொள்வது என்பதை மருத்துவரிடம் பேசி மாற்றிக்கொள்கிறார்கள்.

மறுமொழி: நெய்தல்

பொருநை ஐயா எழுதியதோடு தொடர்புடைய ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன். நான் பச்சிளங்குழந்தைகள் தீவிர சிகிச்சைப் பிரிவில் செவிலியராகப் பணியாற்றுகிறேன். ஆக்சிஜன் கொடுத்தால் கண்ணுக்கு நல்லதுதானே என்ற எண்ணம் எத்துணை பிழையாகக் கூடும் என்பதை எங்கள் துறையின் வரலாறு காட்டுகிறது.

1942இல் பாஸ்டன் நகரக் கண் மருத்துவர் டெர்ரி, குறைமாதத்தில் பிறந்த குழந்தைகளின் கண் லென்ஸுக்குப் பின்னால் வெண்ணிறத் திசு வளர்ந்து பார்வை பறிபோவதை முதன்முதலாக விவரித்தார். அடுத்த பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளில் உலகெங்கும் சுமார் 10,000 குழந்தைகள் இவ்வாறு பார்வை இழந்தார்கள். வசதி மிகுந்த மருத்துவமனைகளில்தான் இந்த நோய் கூடுதலாக இருந்தது. அங்கேதான் குறைமாதக் குழந்தைகளுக்குக் காற்றுப் புகாத பெட்டிகளில் வாரக்கணக்கில் ஆக்சிஜன் தாராளமாகக் கிடைத்தது. மெல்போர்னைச் சேர்ந்த கேட் கேம்பெல் என்ற குழந்தை மருத்துவர் 1951இல் ஆக்சிஜனையே காரணமாகச் சுட்டினார். 1953இல் அமெரிக்காவில் பதினெட்டு மருத்துவமனைகள் சேர்ந்து தொடங்கிய ஆய்வு அதை உறுதிப்படுத்தியது.

கருவில் விழித்திரையின் இரத்த நாளங்கள் பார்வை நரம்பிலிருந்து தொடங்கி ஓரத்தை நோக்கி மெல்ல வளர்கின்றன. முழுமாதம் ஆகும்போதுதான் வளர்ச்சி நிறைவுறுகிறது. 28 வாரத்தில் பிறந்துவிட்ட குழந்தையின் விழித்திரையில் பெரும்பகுதிக்கு இன்னும் நாளமே இருக்காது. கருப்பையில் இருந்ததைவிடப் பல மடங்கு ஆக்சிஜன் இப்போது கிடைப்பதால், வி.இ.ஜி.எஃப். சுரப்பு குறைந்து நாளங்களின் வளர்ச்சி நின்றுவிடுகிறது. சில வாரங்களில் விழித்திரை முதிர்ந்து அதன் ஆக்சிஜன் தேவை பெருகும்போது, அங்கே நாளங்கள் இல்லை. உடனே அந்தக் காரணி வெள்ளமாகச் சுரக்கிறது. நாளங்கள் தறிகெட்டு வளர்ந்து விழித்திரையை இழுத்துப் பிரிக்கின்றன. தங்கள் அம்மாவின் கண்ணில் பல ஆண்டுகளில் நடந்தது இந்தக் குழந்தைகளுக்கு எட்டுப் பத்து வாரங்களில் நடந்துவிடுகிறது.

இந்த உண்மை தெரிந்ததும் மருத்துவமனைகள் ஆக்சிஜனை ஒரேயடியாகக் குறைத்தன. பார்வையிழப்பு குறைந்தது, மூச்சுத்திணறலால் இறந்த குழந்தைகளும் மூளை பாதிப்புற்ற குழந்தைகளும் பெருகினார்கள். அந்தக் காலத்தைப் பற்றிப் படிக்கும்போது எனக்கு இன்றும் மனம் கனக்கிறது. இரு பக்கமும் குழந்தைகளே விலை கொடுத்தார்கள். இப்போது நாங்கள் ஆக்சிஜனைக் காற்றோடு கலந்து, குறைமாதக் குழந்தையின் இரத்தத்தில் ஏறத்தாழ 90 முதல் 95 விழுக்காட்டுக்குள் இருக்குமாறு நொடிக்கு நொடி கவனித்து அளிக்கிறோம். எங்கள் பிரிவில் ஆக்சிஜனும் அளவு பார்த்துத் தர வேண்டிய மருந்துதான்.

இத்திரியைப் படிப்பவர்களில் குறைமாதக் குழந்தையின் பெற்றோர் இருந்தால் அவர்களுக்காக இதை எழுதுகிறேன். இந்தியாவில் 34 வாரத்துக்கு முன் பிறந்த குழந்தைகளுக்கும், இரண்டு கிலோவுக்குக் குறைவான எடையுடன் பிறந்த குழந்தைகளுக்கும், பிறந்த முப்பது நாளுக்குள் விழித்திரைப் பரிசோதனை நடந்தாக வேண்டும். 28 வாரத்துக்கு முன்போ 1,200 கிராமுக்குக் குறைவாகவோ பிறந்திருந்தால் இரண்டாவது அல்லது மூன்றாவது வாரத்திலேயே பார்க்க வேண்டும். குழந்தை எடை கூடி வீடு திரும்பிவிட்டது என்பதற்காக இதை விட்டுவிடக் கூடாது.

மறுமொழி: மருதம்

வைகைக்கரை அவர்களுக்கு, என் அப்பா இதே நிலையில் இரு கண்களுக்கும் லேசர் செய்துகொண்டவர். மருத்துவ விளக்கங்களைப் பெரியவர்கள் எழுதிவிட்டார்கள். அம்மா அங்கே என்ன எதிர்பார்க்கலாம் என்பதை மட்டும் சொல்கிறேன்.

படுக்கை வசதியெல்லாம் தேவையில்லை. கண்ணை மரத்துப்போகச் செய்யும் சொட்டு மருந்தை விட்டு, ஒரு சிறிய லென்ஸைக் கண்ணின் மேல் வைத்து, நாற்காலியில் அமர்ந்தபடியே செய்கிறார்கள். பளிச் பளிச்சென்று ஒளி தெரியும். சில இடங்களில் சுருக்கென்று வலித்ததாக அப்பா சொன்னார். தாங்க முடியாவிட்டால் தயங்காமல் சொல்லச் சொல்லுங்கள். ஊசி போட்டு மரத்துப்போகச் செய்யவும் வழி உண்டு. அன்று மாலைவரை பார்வை மங்கலாக இருக்கும் என்பதால் துணைக்கு ஒருவர் செல்வது நல்லது.

விளைவுகளையும் முன்கூட்டியே சொல்லிவிடுவது நேர்மை. வெளிச்சத்திலிருந்து இருட்டான அறைக்குள் நுழைந்தால் கண் பழகுவதற்கு அப்பாவுக்கு முன்பைவிடக் கூடுதல் நேரம் ஆகிறது. பக்கவாட்டுப் பார்வையும் சற்றுக் குறைந்திருக்கிறது. இரவில் வண்டி ஓட்டுவதை அவரே விட்டுவிட்டார். நாளிதழ் படிப்பதிலும் பேரப்பிள்ளைகளின் முகத்தைக் காண்பதிலும் குறையில்லை. லேசருக்குப் பின் பார்வை மேம்படும் என்று எதிர்பார்த்துச் சென்றவர்கள் ஏமாற்றமடைந்து அடுத்த அமர்வுக்கு வராமல் நின்றுவிடுவதைக் காத்திருப்போர் கூடத்தில் கேட்டறிந்தேன். இது இருப்பதைக் காப்பாற்றும் சிகிச்சை என்று முதலிலேயே அம்மாவுக்குச் சொல்லிவிடுங்கள்.

மறுமொழி: முல்லை

லேசர் ஓரப் பார்வையைக் குறைக்கும் என்றால், வி.இ.ஜி.எஃப். காரணியைத் தடுக்கும் ஊசியை மட்டும் போட்டுக்கொண்டால் போதாதா? என் சித்தப்பாவுக்கு மாக்குலா வீக்கத்துக்காக அந்த ஊசிதான் போட்டார்கள். பார்வையும் நன்றாகத் தெளிந்தது.

மறுமொழி: பொருநை

முல்லை அவர்கள் கேட்பது பொருத்தமான கேள்வி. மாக்குலா வீக்கத்துக்கு இன்று ஊசியே முதன்மையான சிகிச்சை. புதிய நாளங்கள் முளைத்த கண்களுக்கும் அது நன்றாக வேலை செய்கிறது. 2015இல் வெளியான அமெரிக்க ஆய்வில், ரானிபிசுமாப் ஊசி பெற்றவர்களின் பார்வை லேசர் பெற்றவர்களின் பார்வைக்குக் குறைந்ததாக இல்லை. ஓரப் பார்வை இழப்பு ஊசி பெற்றவர்களுக்குக் குறைவாகவே இருந்தது.

ஆனால் ஊசி, சுரந்த காரணியைச் சில வாரங்களுக்குக் கட்டிப்போடுகிறதே தவிர, அது சுரப்பதற்குக் காரணமான ஆக்சிஜன் பற்றாக்குறையைப் போக்குவதில்லை. மருந்தின் வலு தீர்ந்ததும் காரணி மீண்டும் தலைதூக்கும். உடல்நலக் குறைவாலோ பணமுடையாலோ, அழைத்துச்செல்ல ஆளில்லாமலோ, பல மாதங்கள் வராமல் இருந்துவிட்டுத் திரும்பியவர்களை ஒப்பிட்டபோது, லேசர் பெற்றிருந்தவர்களைவிட ஊசி மட்டும் பெற்றிருந்தவர்களின் கண்களே மிகவும் மோசமாகியிருந்தன. விழித்திரை பிய்ந்த கண்களும் அவர்களிடையே அதிகம். என் அனுபவமும் இதுவே. தவறாமல் வருவேன் என்று உறுதியாகச் சொல்லக் கூடியவர்களுக்கு ஊசி நல்ல வழி. ஊரிலிருந்து பேருந்து பிடித்து, மகனோ மகளோ விடுப்பு எடுத்து அழைத்துவர வேண்டிய நிலையில் இருப்பவருக்கு லேசரின் நிலைத்த பயனைத்தான் நான் பரிந்துரைப்பேன். மாக்குலாவில் வீக்கமும் இருந்தால் விழித்திரையின் அடுக்குகளை ஒளியால் படமெடுக்கும் ஓ.சி.டி. பரிசோதனை செய்து பார்த்து, முதலில் ஊசி போட்டு, பின்னர் லேசர் செய்வதும் வழக்கம்; லேசர் சில வேளைகளில் அந்த வீக்கத்தைத் தற்காலிகமாகக் கூட்டக்கூடும். அம்மாவின் மருத்துவரிடம் இதைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

வைகைக்கரை

உங்கள் அனைவருக்கும் மனமார்ந்த நன்றி. நெய்தல் அவர்கள் எழுதியதையும், ஒரு கண்ணுக்குச் செய்து மறு கண்ணை விட்டுவைத்த ஆய்வைப் பற்றி ஐயா எழுதியதையும் அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். "அந்த இன்னொரு கண்ணெல்லாம் என்ன ஆச்சு?" என்றுதான் முதலில் கேட்டார். பிறகு மருத்துவமனைக்குத் தொலைபேசியில் பேசி முதல் அமர்வுக்கு நேரம் வாங்கச் சொன்னார். அதுவரை எந்த அறிகுறி தெரிந்தால் உடனே செல்ல வேண்டும் என்று கூறுங்கள். இன்னொரு கேள்வியும் உண்டு. என் தங்கைக்குத் திருமணத்துக்கு முன்பிருந்தே சர்க்கரை நோய் உள்ளது. இப்போது இரண்டு மாதக் கர்ப்பம். அவளுக்கும் பரிசோதனை தேவையா?

மறுமொழி: பொருநை

கண்முன் திடீரெனக் கரும்புள்ளிகளோ சிலந்தி வலை போன்ற இழைகளோ மிதந்தால், செந்நிறப் புகை படர்ந்ததுபோல் தெரிந்தால், நாளம் உடைந்து இரத்தம் கசிகிறது என்று கொள்ள வேண்டும். ஒரு பக்கத்திலிருந்து திரை இறங்குவதுபோல் தெரிந்தால் விழித்திரை பிரிந்திருக்கலாம். இவ்விரண்டிலும் அன்றே கண் மருத்துவரைப் பார்க்க வேண்டும்.

இதைவிட அவசரமானது ஒன்று உண்டு. ஒரு கண்ணில் வலியே இல்லாமல் சில நொடிகளில் பார்வை முழுதும் போய்விட்டால், மையத் தமனி அடைபட்டிருக்கக் கூடும். சர்க்கரையும் இரத்த அழுத்தமும் உள்ளவர்களுக்கு இந்த வாய்ப்பு கூடுதல். இந்தியாவில் பிறந்து அமெரிக்காவின் அயோவாவில் பணியாற்றிய சோகன் சிங் ஹேரே குரங்குகளிடம் நடத்திய ஆய்வில், அந்தத் தமனி 97 நிமிடம்வரை அடைபட்டிருந்தால் விழித்திரை மீண்டது. 240 நிமிடம் அடைபட்டிருந்தபோது ஏறத்தாழ முற்றிலும் அழிந்தது. மூளைப் பக்கவாதத்தைப் போன்றே இதைக் கருதி, பக்கவாதத்துக்குச் சிகிச்சை அளிக்கும் பெரிய மருத்துவமனையின் அவசரப் பிரிவுக்கு நேராகச் செல்ல வேண்டும். மறுநாள் காலை பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிடக் கூடாது. பார்வை சில நிமிடம் போய்த் தானாகவே திரும்பிவிட்டாலும் அப்படியே செய்யுங்கள். கழுத்துத் தமனியிலிருந்து வந்து அடைத்த சிறு இரத்தக்கட்டி நகர்ந்திருக்கலாம்.

தங்கைக்குப் பரிசோதனை கட்டாயம் தேவை. கருவுற்ற பிறகு வந்த சர்க்கரைக்கு இந்தக் கவலை இல்லை. முன்பே சர்க்கரை நோய் உள்ள பெண்களுக்குக் கர்ப்ப காலத்தில் விழித்திரை நோய் விரைவாக முற்றக்கூடும். நெடுநாள் உயர்ந்திருந்த சர்க்கரையைக் குழந்தையின் நலன் கருதிச் சட்டெனக் குறைக்கும்போதும் தொடக்கத்தில் விழித்திரை சற்று மோசமாவதுண்டு. அதற்காகச் சர்க்கரையைக் குறைக்காமல் இருக்கக் கூடாது. கண்ணை அடிக்கடி பார்த்துக்கொள்ள வேண்டும். முதல் மூன்று மாதத்துக்குள் பாப்பாவை விரித்து ஒரு முறை பார்த்துவிட்டு, அதில் தெரிவதைப் பொறுத்து அடுத்த பரிசோதனை எப்போது என்பதை முடிவு செய்வார்கள். லேசர் தேவைப்பட்டால் கர்ப்ப காலத்திலும் செய்துகொள்ளலாம். கருவுக்கு அதனால் தீங்கில்லை. வி.இ.ஜி.எஃப். தடுப்பு ஊசியைக் கர்ப்பிணிகளுக்குப் பொதுவாகத் தவிர்க்கிறோம். வளரும் கருவுக்கு அந்தக் காரணி தேவைப்படுகிறது. தான் கருவுற்றிருப்பதைக் கண் மருத்துவரிடம் தங்கை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். இரத்தசோகை இருக்கிறதா என்றும் சேர்த்துப் பார்த்துவிடுங்கள். ஹீமோகுளோபின் குறைந்திருந்தால் விழித்திரைக்கு எட்டும் கொஞ்ச ஆக்சிஜனும் குறையும். அதைச் சரிசெய்ய இரும்புச்சத்து மாத்திரையே பெரும்பாலும் போதும்.